தாந்தேயின் நரகத்துக்கு மட்டும் ஏன் இத்தனை வாசகர்கள்?

மறுவுலகம் பற்றி இடைக்காலத்தில் பலர் பாடியிருக்க, இத்தாலியக் கவிஞர் தாந்தேயின் நெடுங்கவிதை 'டிவைன் காமெடி' மட்டும் ஏன் இவ்வளவு பேசப்படுகிறது என்று கேட்டிருக்கிறீர்கள். என்னைக் கேட்டால், அவருடைய நரகத்தில் இருப்பவர்கள் நம்மோடு பேசுகிறார்கள், அதுதான் காரணம்.

1302இல் ஃபிளாரன்ஸ் நகரம் அவரை நாடு கடத்தியது. 1321இல் சாகும்வரை ஊர் திரும்பவில்லை. அந்த அலைச்சலில்தான் நரகம், உத்தரிக்கிற ஸ்தலம் (பாவம் கழுவப்படும் இடம்), மோட்சம் என மூன்று பகுதிகளில் 100 காண்டங்களை எழுதினார். அதுவும் லத்தீனில் இல்லை, தன் மக்கள் பேசிய டஸ்கன் மொழியில். இன்றைய இத்தாலிய மொழி அதன் வழி வந்ததுதான்.

நரகத்தின் அடியில் நெருப்பு கிடையாது, பனிக்கட்டி! துரோகிகள் அதில் உறைந்து கிடக்கிறார்கள். உகோலினோ என்பவன், தன்னைச் சிறையில் அடைத்த பேராயரின் பின்மண்டையைக் கடித்துக்கொண்டிருக்கிறான். கவிதையில் நரகத்தைச் சுற்றிவரும் தாந்தே கேட்டதும், அந்தத் தலைமுடியிலேயே வாயைத் துடைத்துக்கொண்டு, கோபுரச் சிறையில் தன் பிள்ளைகள் பசியால் ஒவ்வொருவராகச் செத்ததைச் சொல்கிறான். பாவிதான், ஆனாலும் நமக்கு நெஞ்சு அடைக்கிறது.

சரி, தாக்கம்? 1373இல் இத்தாலிய எழுத்தாளர் பொக்காச்சியோ இதைப் பற்றி ஃபிளாரன்ஸில் பொதுச் சொற்பொழிவு நடத்தினார். 1922இல் ஆங்கிலக் கவிஞர் டி.எஸ். எலியட் லண்டன் பாலத்து ஜனக்கூட்டத்தைத் தாந்தேயின் வரியாலேயே வர்ணித்தார். அப்புறம், நாஜிகளிடம் கைதியாக இருந்த இத்தாலிய யூத எழுத்தாளர் பிரீமோ லெவி. அவுஷ்விட்ஸ் வதைமுகாமில் சூப் எடுக்கப் போகும் வழியில், கிரேக்கக் காவிய வீரன் யுலிசீஸ் பேசும் நரகப் பகுதியின் 26ஆம் காண்டத்தை ஒரு பிரெஞ்சுத் தோழனுக்கு நினைவிலிருந்து சொல்லிப் பார்க்கிறார். நடுவே சில வரிகள் மறந்துபோகின்றன. அவை கிடைக்குமென்றால் இன்றைய சூப்பையே கொடுத்துவிடுவேன் என்கிறார், அந்தப் பட்டினியிலும்.