அப்பா வீட்டில் கை நனைக்காத மகன்

கேள்வி: மதப் பழக்கம் எதுவுமில்லாத யூத அப்பா. மகனோ திடீரென்று தீவிர ஆசாரத்துக்கு மாறி, பெற்ற வீட்டிலேயே சாப்பிட மறுக்கிறான். பன்றிக்கறியைத் தவிர்த்துச் சமைத்தால் போதாதா?

பதில்: போதாது. கோஷர் முறையில் (யூத உணவு விதிப்படி) அறுத்த கறியே வாங்கினாலும் பாத்திரம் இடிக்கும். சூட்டில் உணவின் சுவையைப் பாத்திரம் உள்வாங்கி, அடுத்த சமையலில் கக்குகிறது என்பது யூதச் சட்டத்தின் கணக்கு. கறியையும் பாலையும் சேர்ப்பதே அந்தச் சட்டப்படி விலக்கு; அவை சேர்ந்து வெந்த சட்டியில் வைத்த காய்கறி சூப்பும் அவனுக்கு ஆகாது.

எவர்சில்வர் பாத்திரமென்றால் மீட்கலாம். பிடியின் இடுக்குவரை அழுக்குப் போகத் தேய்த்து, 24 மணி நேரம் உபயோகிக்காமல் வைத்து, கொதிக்கும் நீரில் முழுக்க முக்கியெடுத்து, குளிர்ந்த நீரில் அலச வேண்டும். பெரிய பாத்திரத்தை இறக்கியதும் கொதி அடங்கிவிடும். மறுபடி கொதிக்கும்வரை வெளியே எடுக்கக் கூடாது. பலர் கோட்டைவிடுவது இங்கேதான். மண், பீங்கான் பாத்திரங்களுக்கு இந்த வழி கிடையாது.

ஆனால் இத்தனை பாடுபட்ட பாத்திரத்தில் மறுவாரமே அப்பா பழக்கதோஷத்தில் கறியோடு சீஸ் போட்டால் எல்லாம் பாழ். அதைவிட, மகனுக்கென்று ஓர் அலமாரி ஒதுக்கி, கறிக்குச் சிவப்பு, பாலுக்கு நீலம் என அடையாளமிட்ட புதுப் பாத்திரங்கள் வைப்பது நல்லது. அவசரத்துக்கு, கோஷர் முத்திரையுள்ள உணவை அலுமினியத் தாளில் இரண்டு சுற்று இறுக மூடி அப்பாவின் ஓவனிலேயே (அடுப்புப் பெட்டி) சூடாக்கலாம். தட்டு காகிதத் தட்டு. முழுப் பழத்துக்குப் பொதுவாகத் தடை இல்லை. அதையும் மறுத்தால் அது சட்டமல்ல, வீம்பு.

கேள்வி: வெள்ளி இரவு விருந்துக்குக் காரில் வரச் சொன்னால் மறுக்கிறான். தந்தையை மதிப்பதும் கட்டளைதானே?

பதில்: லேவியராகமம் 19:3 இரண்டையும் ஒரே வசனத்தில் வைக்கிறது: பெற்றோருக்கு அஞ்சு, ஓய்வுநாளைக் காத்துக்கொள். வெள்ளி மாலை தொடங்கி சனி இரவுவரை நீளும் அந்த ஓய்வுநாளே சபாத்; அன்று கார் ஓட்டுவதும் விளக்கைப் போடுவதும் கூடாது. சபாத்தை மீறச் சொன்னால் அப்பா பேச்சைக் கேட்க வேண்டாம் என்றே உரைகாரர்கள் இதற்குப் பொருள் சொல்கிறார்கள். அதே சட்டம் மகனின் வாயையும் கட்டுகிறது. தந்தை தவறு செய்வதைக் கண்டால் ‘நீங்கள் மீறிவிட்டீர்கள்’ எனக் கூடாது. ‘அப்பா, தோராவில் (யூத வேதம்) இப்படி எழுதியிருக்கிறதே’ என்றுதான் கேட்கலாம் என்கிறது யூதச் சட்ட விவாத நூலான தல்மூத். புதிதாக ஆசாரத்துக்கு வந்தவர்கள் இதைத்தான் முதலில் மறக்கிறார்கள்.

விருந்து நடக்க வேண்டுமானால் மகன் சூரிய அஸ்தமனத்துக்கு 18 நிமிடம் முன்னதாக, விளக்கேற்றும் நேரத்துக்குள் வந்து, சனி இரவு நட்சத்திரம் தெரியும்வரை தங்க வேண்டும். சமைத்ததை அதற்கு முன்பே சூட்டுத்தட்டில் வைத்துவிடுங்கள். கழிவறை விளக்கு எரிந்தபடியே இருக்கட்டும். அவனுக்காக அப்பா சுவிட்சைப் போட்டாலும் ஏற்க மாட்டான். குளிர்பெட்டியின் உள்பல்பை வெள்ளி பகலிலேயே கழற்றிவிடுங்கள். மறந்தால் மறுநாள் இரவுவரை அவன் அந்தக் கதவைத் திறக்க மாட்டான், சண்டை அங்கேயே தொடங்கும்.