பெயர்ப் பட்டியல் இல்லாத படம்

கேள்வி: ஈரான் இயக்குநர் ஜாஃபர் பனாஹியின் 'டாக்சி' பார்த்தேன். முழுப் படத்தையும் ஒரு காருக்குள்ளேயே முடித்துவிட்டார்! தடை போட்டால்தான் கலைஞனுக்கு மூளை வேலை செய்யும் போலிருக்கிறது. நம்மவர்களுக்கும் கொஞ்சம் கடிவாளம் போட்டுப் பார்த்தால் என்ன?
– ஒரு வாசகர், மாட்டுங்கா, மும்பை.

பதில்: மழைக்காலம் முடிந்ததும் உங்கள் பக்கத்துப் பழைய கட்டடங்களை அண்ணாந்து பாருங்கள். மூன்றாவது மாடிக் குழாய் இடுக்கில் அரசங்கன்று ஒன்று தளதளவென்று நிற்கும். அதைப் பார்த்துவிட்டு யாரும் வயலுக்கு சிமென்ட் பூசுவதில்லை.

காரை நீங்கள் உத்தி என்கிறீர்கள். அந்த மனிதருக்கு அதைவிட்டால் போக்கிடமில்லை. 2010இல் ஆறு ஆண்டு சிறை. 20 ஆண்டுகளுக்குப் படம் எடுக்கக் கூடாது, திரைக்கதை எழுதக் கூடாது, பேட்டி தரக் கூடாது, நாட்டைவிட்டுப் போகக் கூடாது என்று தீர்ப்பு. அதனால்தான் அவரே டாக்சி ஓட்டினார்.

படம் முடிந்த பிறகு இருக்கையில் இருந்தீர்களா, எழுந்துவிட்டீர்களா? இருந்திருந்தால் ஒன்றைக் கவனித்திருப்பீர்கள். நடித்தவர், உழைத்தவர் பெயர் ஒன்றுகூடத் திரையில் வராது. அரசு அனுமதிக்காத படத்துக்கு அங்கே பெயர்ப் பட்டியலும் கிடையாது. 2015இல் பெர்லினில் அதற்குத் தங்கக் கரடி விருது கிடைத்தபோது, மேடையேறி அழுதபடி வாங்கிக்கொண்டது படத்தில் நடித்த அவர் குடும்பத்துச் சிறுமி.

இவராவது பிழைத்தார். ரஷ்யக் கவிஞர் ஒசிப் மண்டல்ஷ்டாம் ஸ்டாலினைக் கேலி செய்த கவிதையை நண்பர்களிடம் வாய்மொழியாகத்தான் சொன்னார். அதற்கே 1934இல் கைது. 1938இல் முகாமில் இறந்தபோது வயது 47. அதன்பின் அவர் எழுதியிருக்கக்கூடிய கவிதைகளை எந்தக் கடிவாளத்திடம் கேட்பது?

சாமர்த்தியம் வரும், ஒப்புக்கொள்கிறேன். நெருக்கடி நிலை வந்த வாரத்திலேயே, 1975 ஜூன் 28 அன்று, உங்கள் ஊர் ஆங்கில நாளிதழில் ஒரு மரண அறிவிப்பு வந்தது. 'டெமாக்ரசி'யை வெள்ளைக்காரர் பெயர்போல உடைத்து, அன்னார் ஜூன் 26இல் காலமானார், மனைவி பெயர் டி. ரூத் (சேர்த்துப் படித்தால் 'ட்ரூத்', உண்மை) என்று போட்டிருந்தார்கள். தணிக்கைக்கு அது பிடிபடவில்லை. நானும் சிரித்திருக்கிறேன். ஆனால் கொடுத்தவருக்கு அன்று சொல்ல இருந்தது அந்தச் சில வரிகள் மட்டும்தானா?

பிறகு, நம்மவர்களுக்குக் கடிவாளம் இல்லை என்று யார் சொன்னது? திரைப்படத் தணிக்கை வாரியத்தின் தலைமையகம் மும்பையிலேயே இருக்கிறது. சட்டம் 1952ஆம் ஆண்டினுடையது. அது பெற்றெடுத்த மேதைகளின் பட்டியல் கிடைத்தால் அனுப்புங்கள், பிரசுரிக்கிறேன்.