ரத்தம் காட்டாமல் கலவரத்தைக் காட்ட முடியுமா?

கேள்வி: இலங்கையிலிருந்து இந்தியா வந்து கோத்தகிரியில் குடியேறிய தாயகம் திரும்பியோர் குடும்பம் ஒன்றைப் பற்றி 15 நிமிடக் குறும்படம் எடுக்கிறோம். இலங்கையில் தமிழருக்கு எதிராக நடந்த 1977 கலவரத்தை அடிதடி இல்லாமல் சொல்ல முடியுமா?

முடியும், அதுதான் நல்லதும். வெட்டுபவனைக் காட்டினால் பார்ப்பவர் கண் கத்தியிலேயே நின்றுவிடும். கேமராவை லயத்து அறைக்குள், அதாவது தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டின் ஓர் அறைக்குள் வையுங்கள். வெளியே கூச்சல்; உள்ளே பிள்ளையின் வாயைப் பொத்தியிருக்கும் அம்மா. ஷாட்டை இடையில் வெட்டாமல் 60, 70 விநாடி ஓடட்டும். பின்னணி இசை வேண்டவே வேண்டாம்.

பலர் சறுக்குவது பேச்சில்தான். இலங்கைத் தோட்டங்களில் வேலை செய்ய இந்தியாவிலிருந்து போனவர்களின் வழிவந்த மலையகத் தமிழர் வாயில் யாழ்ப்பாணத் தமிழைத் திணித்துவிடுகிறார்கள். இவர்கள் வலியும் வேறு. இந்தியாவும் இலங்கையும் செய்த 1964 ஒப்பந்தம் இவர்களில் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்று எண்ணிப் பிரித்தது. ஒரே வீட்டில் அண்ணனுக்கு இந்தியா, தங்கைக்கு இலங்கை என்று ஆனதும் உண்டு. அந்தக் கடவுச்சீட்டையும் அதைப் பிடித்திருக்கும் விரல்களையும் நெருக்கத்தில் காட்டுங்கள். எந்தக் கத்தியையும்விட அது ஆழமாக இறங்கும்.

படப்பிடிப்பில் கவனிக்க: வெளிக் குளிரிலிருந்து அடுப்பெரியும் அறைக்குள் வந்தால் லென்ஸில் ஈரம் படியும். கேமராப் பையை மூடியபடி அரை மணி நேரம் வைத்துத் திறங்கள். தகரக் கூரையில் மழை பெய்தால் வசனம் எடுபடாது. அந்தச் சத்தத்தைத் தனியே பதிந்துகொள்ளுங்கள், கலவர இரவுக்கு உதவும்.