பத்திரம் அவர் பெயரில், பதிவேடு அரசு பெயரில்

கேள்வி: ஐந்து சென்ட் இடம் ஒன்றை விலை பேசி இரண்டு லட்சம் ரூபாய் அட்வான்ஸ் கொடுத்திருக்கிறேன். விற்பவரின் தாத்தா 1968-இல் கிரயம் வாங்கிய மூலப்பத்திரம் இருக்கிறது. வில்லங்கச் சான்றிலும் சிக்கல் இல்லை. வீட்டு வரி, மின் இணைப்பு எல்லாம் அவர்கள் பெயரில்தான். ஆனால் கிராமத்தில் ஒவ்வொரு நிலமும் யாருடையது, என்ன வகை என்று வருவாய்த்துறை வைத்திருக்கும் ‘அ’ பதிவேட்டில் அந்த இடம் ‘அரசு, தரிசு’ என்று இருக்கிறதாம். வங்கி கடன் தர மறுத்துவிட்டது. “இது யு.டி.ஆர். தப்பு, நீங்கள் கிரயம் முடித்துக்கொள்ளுங்கள், அப்புறம் மாற்றிக்கொள்ளலாம்” என்கிறார் விற்பவர். நம்பலாமா?

பதில்: அவர் சொல்வது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் அந்த ‘அப்புறம்’ வேண்டாம். மாற்றிய பிறகு கிரயம் என்று சொல்லிவிடுங்கள்.

1979 முதல் 1987 வரை தமிழ்நாட்டில் நில உடைமைப் பதிவுகளை மேம்படுத்தும் திட்டம் நடந்தது. அதைத்தான் யு.டி.ஆர். என்கிறோம். பழைய சர்வே எண்களை உடைத்து உட்பிரிவு போட்டார்கள். ஏக்கர், சென்ட் கணக்கை ஹெக்டேர், ஏர் கணக்காக மாற்றினார்கள். அந்த வேலையில் பக்கத்து நிலத்துக்காரர் பெயர் ஏறியது, பரப்பு குறைந்தது, பட்டா நிலம் அரசு நிலமாக எழுதப்பட்டது என்று ஏகப்பட்ட பிழைகள். இன்றுவரை தீர்ந்தபாடில்லை. அதனாலேயே, உண்மையான புறம்போக்கை விற்கிறவருக்கும் இதே சாக்கு கைகொடுக்கிறது. உங்கள் இடம் எந்த ரகம் என்பதை முதலில் பிரித்துப் பார்க்க வேண்டும்.

அதற்கு 1968 பத்திரம் மட்டும் போதாது. தனக்குச் சொந்தமில்லாததை ஒருவர் எழுதிக் கொடுத்தாலும் அது பத்திரம்தான். பதிவாகியிருந்தால் வில்லங்கத்திலும் வரும். வீட்டு வரி ரசீது வரி கட்டியதற்குச் சாட்சி, அவ்வளவுதான். இன்னும் சிலர் வழிகாட்டி மதிப்புப் பட்டியலைக் காட்டி, “பாருங்கள், குடியிருப்பு மனை என்று போட்டிருக்கிறது” என்பார்கள். அது முத்திரைத் தீர்வை கணக்கிடப் பதிவுத்துறை வைத்திருக்கும் வகைப்பாடு. நிலம் யாருடையது என்று அது சொல்லாது.

பார்க்க வேண்டியது யு.டி.ஆருக்கு முந்தைய பதிவேடு. இப்போதைய ‘அ’ பதிவேட்டிலேயே பழைய புல எண்ணுக்கு, அதாவது பழைய சர்வே எண்ணுக்கு, ஒரு கலம் இருக்கும். அந்த எண்ணைக் குறித்துக்கொண்டு பழைய ‘அ’ பதிவேடு, நிலவரித் திட்டப் பதிவேடு (செட்டில்மென்ட் பதிவேடு) இரண்டின் நகலையும் கேளுங்கள். தாலுகா அலுவலகத்தில் இல்லை என்றால் மாவட்ட ஆவணக் காப்பறையில் கேட்க வேண்டும். அலைய விட்டால் தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கட்டணத்துடன் மனுப் போடுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். பழைய பதிவேட்டில் ‘ரயத்துவாரி’ (தனியார் பட்டா நிலம்) என்றும், 1968-இல் விற்றவரோ அவருடைய முன்னோரோ பட்டாதாரர் என்றும் இருந்தால் யு.டி.ஆர். தப்பு என்ற பேச்சுக்கு வலு உண்டு. அதிலும் அரசு என்றே இருந்தால் அட்வான்ஸைத் திரும்பக் கேளுங்கள். ஓடை, வாய்க்கால், ஏரி என்று இருந்தால் யோசிக்கவே வேண்டாம்.

பட்டா நிலம் அரசு நிலமாக ஏறிய யு.டி.ஆர். பிழைக்கு மனுப் போக வேண்டிய இடம் மாவட்ட வருவாய் அலுவலர், அதாவது டி.ஆர்.ஓ. கிராம நிர்வாக அலுவலரும் தாசில்தாரும் விசாரித்து அறிக்கை தருவார்கள். அரசு என்ற வகைப்பாட்டை அவர்களாக மாற்ற முடியாது. “தாலுகாவிலேயே முடித்துத் தருகிறேன்” என்று யாராவது பணம் கேட்டால் கொடுக்காதீர்கள். மனுப் போட வேண்டியவர் விற்பவர், நீங்கள் அல்ல. தாத்தா பெயரில் பத்திரம் என்பதால் வாரிசுச் சான்றுகளும் வேண்டும். மாதக் கணக்கில் இழுக்கும், சில சமயம் அதற்கு மேலும். மனு தள்ளுபடியானால் மேல்முறையீடு, உரிமையியல் நீதிமன்றத்தில் நிலம் தன்னுடையது என்று அறிவிக்கக் கேட்கும் உரிமை விளம்பல் வழக்கு என்று போகலாம். அரசு மீது வழக்கு என்றால் பொதுவாக இரண்டு மாத முன்னறிவிப்பு தர வேண்டும். அந்த அலைச்சலும் விற்பவருடையதாகவே இருக்கட்டும்.

இன்னொன்று. அரசு நிலம் என்று பதிவேட்டில் இருக்கும்போது, பதிவுச் சட்டத்தின் 22-ஏ பிரிவைக் காட்டி சார்பதிவாளரே பத்திரத்தை மறுக்கலாம். எப்படியோ பதிவாகிவிட்டால் ஆபத்து இன்னும் அதிகம். முழுப் பணமும் போன பிறகு விற்பவருக்கு டி.ஆர்.ஓ. அலுவலகப் படி ஏற என்ன அவசரம்?

உங்கள் இரண்டு லட்சத்துக்கு வருவோம். ஒப்பந்தத்தில் ஆறு மாதம், பதினொரு மாதம் என்று கெடு போட்டிருப்பீர்கள். அது முடியும் முன்பே துணை ஒப்பந்தம் ஒன்று எழுதிப் பதிவு செய்யுங்கள்: வகைப்பாடு மாறி விற்பவர் பெயரில் பட்டா வந்த பிறகே கிரயம், இன்ன தேதிக்குள் வராவிட்டால் அட்வான்ஸ் முழுவதும் திரும்ப. இதில் கையெழுத்துப் போட அவர் தயங்கினால், ‘யு.டி.ஆர். தப்பு’ என்பதில் அவருக்கே எவ்வளவு நம்பிக்கை என்று தெரிந்துவிடும்.

டி.ஆர்.ஓ. உத்தரவு நகலைக் காட்டினாலும் உடனே மீதிப் பணத்தை எண்ணிக் கொடுத்துவிடாதீர்கள். உத்தரவு வந்தும் கணினிக் கணக்கில் ஏறாமல் கிடக்கும் இடங்கள் உண்டு. வருவாய்த்துறை இணையதளத்தில் ‘அ’ பதிவேட்டையும் பட்டாவையும் நீங்களே எடுத்துப் பாருங்கள். வங்கியும் அதைத்தான் பார்க்கும்.