நாலு பணக்காரர்கள்தான் ஆள்கிறார்களா?

கேள்வி: அதிகாரம் பலரிடம் பரவிக் கிடக்கிறது என்று அமெரிக்க அரசியல் அறிஞர் ராபர்ட் டால் எழுதியதெல்லாம் அமெரிக்காவுக்கு வெள்ளையடிக்கிற வேலைதானே? எந்த ஊரானாலும் நாலு பணக்காரர்கள்தான் ஆள்கிறார்கள், இது எல்லோருக்கும் தெரிந்தது. இதற்கு ஓர் ஆய்வு வேறு வேண்டுமா?

பதில்: வேண்டும். எல்லோருக்கும் தெரிந்தது என்று நீங்கள் சொல்கிற அதே சங்கதி சரியா என்று பார்க்கத்தான் அந்த மனிதர் கிளம்பினார். அவருக்கு முன்னால் ஃபிளாய்ட் ஹன்டர் என்ற சமூகவியலாளர், விவரம் தெரிந்தவர்களிடம் ‘இங்கே பெரிய கை யார்?’ என்று விசாரித்து, அட்லாண்டாவை ஆள்வது ஒரு சின்னக் கூட்டம் என்று 1953-ல் எழுதியிருந்தார். டாலுக்கு இது போதவில்லை. பெரிய கை என்று பேரெடுப்பது வேறு, காரியத்தைச் சாதிப்பது வேறு. ஆகவே, தான் பாடம் நடத்திய யேல் பல்கலைக்கழகம் இருக்கும் நியூ ஹேவன் நகரத்தையே எடுத்துக்கொண்டார்: நகரச் சீரமைப்பு, பள்ளிக்கூடங்கள், கட்சி வேட்பாளர் தேர்வு ஆகிய மூன்றிலும் முடிவெடுத்தது யார், தடுத்தது யார் என்று ஒவ்வொன்றாகத் துருவினார். 1961-ல் வந்த ‘ஹூ கவர்ன்ஸ்?’ (ஆள்வது யார்?) அப்படிப் பிறந்த புத்தகம்.

கிடைத்த விடை உங்களுக்கும் பிடிக்காது, உங்கள் எதிராளிக்கும் பிடிக்காது. சீரமைப்புக்கென்று ஊரின் பெரும்புள்ளிகளைக் கூட்டி ஒரு குழு போட்டிருந்தார்கள், ஆனால் மேயர் ரிச்சர்ட் லீ தரப்பு கொண்டுவந்த எந்தத் திட்டத்தையும் அந்தக் குழு மறித்ததாக டாலுக்குத் தெரியவில்லை. அதே ஊரில் ஹில் என்ற பகுதியில் ஒருவர் உலோக வீடுகள் கட்டக் கிளம்பியபோது, அரசியல் பக்கமே தலைவைத்துப் படுக்காத தொழிலாளர் குடும்பங்கள், பெரும்பாலும் இத்தாலிய வம்சாவளியினர், சங்கம் சேர்த்து மல்லுக்கட்டித் திட்டத்தை முறியடித்தார்கள். அப்புறம் அவரவர் வேலையைப் பார்க்கப் போய்விட்டார்கள். அதற்காக எல்லோருக்கும் சம அதிகாரம் என்று டால் சொல்லவில்லை. ஏற்றத்தாழ்வு உண்டு, ஆனால் பணம் ஒருவரிடம், ஓட்டு இன்னொருவரிடம், பதவி வேறொருவரிடம் என்று சிதறிக் கிடக்கிறது, ஒரே கையில் எல்லாம் குவியவில்லை என்பதுதான் அவர் வாதம்.

சரி, இதில் ஓட்டையே இல்லையா? இருக்கிறது, நீங்கள் கை வைத்த இடத்தில் இல்லை, அவ்வளவுதான். பேச்சுக்கு வந்த விஷயங்களில் ஜெயித்தவரை எண்ணுகிறீர்களே, பேச்சுக்கே வராமல் போனவற்றின் கணக்கு எங்கே என்று பீட்டர் பாக்ரக், மார்ட்டன் பராட்ஸ் என்ற இரண்டு ஆய்வாளர்கள், டாலின் புத்தகம் வந்த அடுத்த வருடமே கேட்டார்கள். மாத்யூ கிரென்சன் என்ற இன்னொரு ஆய்வாளர் இந்தக் கேள்வியை எடுத்துக்கொண்டு அமெரிக்காவின் இண்டியானா மாநிலத்தில் இரண்டு எஃகு நகரங்களைப் பார்த்தார். பக்கத்துப் பக்கத்து ஊர்கள், இரண்டிலும் ஆலைப் புகை. ஈஸ்ட் சிகாகோ 1949-லேயே புகைக்குச் சட்டம் போட்டது. கேரி நகரம் 1962 வரை போடவில்லை. கேரியை உருவாக்கியதே யு.எஸ். ஸ்டீல் என்ற எஃகு நிறுவனம். அந்த நிறுவனம் மிரட்டியதாகவோ, கூட்டத்தில் எழுந்து எதிர்த்ததாகவோ பெரிதாக எதுவும் இல்லை, சும்மா இருந்தது. அது என்ன நினைக்குமோ என்று ஊரே வாயைத் திறக்காமல் இருந்துவிட்டது. டாலின் முறையோடு அங்கே போனால், எடுக்கப்படாத முடிவை எந்த ஏட்டில் தேடுவது? டாலை மடக்க நினைத்தால் இங்கே மடக்குங்கள், ‘நாலு பணக்காரர்கள்’ என்று மொட்டையாகச் சொல்வது எதையும் நிரூபிக்காது.

வெள்ளையடிப்பு விஷயத்துக்கு வருகிறேன். கம்பெனிகளை அங்கே வேலை செய்கிறவர்களே ஓட்டுப் போட்டு நடத்த வேண்டும் என்று 1985-ல் ஒரு புத்தகம் முழுக்க வாதாடியவரும் இதே டால்தான். 80 வயதுக்கு மேல், அமெரிக்க அரசியல் சாசனம் எவ்வளவு தூரம் ஜனநாயகமானது என்றே கேட்டு இன்னொன்று எழுதினார். மக்கள்தொகையில் முதலிடத்திலுள்ள கலிஃபோர்னியா மாநிலத்துக்கும் 2 செனட்டர் (மேலவை உறுப்பினர்), மக்கள்தொகையில் கடைசி இடத்திலுள்ள வயோமிங்குக்கும் 2 செனட்டர் என்ற ஏற்பாட்டை அதில் போட்டுத் தாளித்திருக்கிறார். ஒல்லியான புத்தகம், சொற்பொழிவுகளிலிருந்து உருவானது, வாசிக்கச் சுலபம். திட்டுவதாக இருந்தாலும் அதைப் படித்துவிட்டுத் திட்டி எழுதுங்கள், அவசியம் பிரசுரிக்கிறேன்.