சிறுவயது வழக்குப் பதிவை அழிக்கத் தரகரிடம் பணம் கொடுக்காதீர்கள்

கேள்வி: என் மகன் 17 வயதில் ஓர் அடிதடி வழக்கில் சிக்கினான். 18 வயதுக்கு உட்பட்டவர்களின் வழக்குகளை விசாரிக்கும் இளைஞர் நீதிக் குழுமம் கண்டித்து வீட்டுக்கு அனுப்பிவிட்டது. இப்போது 25 வயது, அரசு வேலைக்குத் தேர்வாகியிருக்கிறான். 40,000 ரூபாய் கொடுத்தால் ஸ்டேஷனில் ரெக்கார்டை எடுத்துவிடலாம் என்கிறார் ஒருவர். கொடுக்கலாமா?

பதில்: கொடுக்காதீர்கள். ஸ்டேஷனில் ஒரு காகிதத்தைக் கிழித்தாலும் குழுமத்தின் கோப்பும் காவல்துறையின் கணினிப் பதிவும் அப்படியேதான் இருக்கும். போதாததற்கு, ஊழல் தடுப்புச் சட்டத்தின் 2018 திருத்தத்துக்குப் பிறகு லஞ்சம் கொடுப்பவருக்கும் 7 ஆண்டு வரை சிறை உண்டு. சிறுவயது வழக்கை மறைக்கப் போய், பெரியவர் மீது புது வழக்கு வந்து நிற்கும். 'தடையில்லாச் சான்று' என்று சீல் குத்திய தாளைக் காட்டினாலும் நம்பாதீர்கள். எடுத்த எடுப்பில் உயர் நீதிமன்றம் போகலாம் என்று பெரிய தொகை கேட்பவரிடமும் யோசித்தே பேசுங்கள்.

உங்கள் மகனுக்குத் தேவையான பாதுகாப்பு 2015 இளைஞர் நீதிச் சட்டத்திலேயே இருக்கிறது. அந்த வழக்கை வைத்து அவரைத் தகுதியிழக்கச் செய்யக் கூடாது என்கிறது 24-வது பிரிவு. பதிவுகளை அழிக்கும்படி காவல்துறைக்கு உத்தரவிட வேண்டியதும் குழுமத்தின் கடமை. முடிந்த வழக்கின் விவரத்தை நன்னடத்தைச் சான்றுக்காகப் போலீஸ் வெளியிடக் கூடாது என்கிறது 74-வது பிரிவு. இந்தச் சட்டத்துக்கான மத்திய மாதிரி விதிகளின்படி பதிவை அதிகபட்சம் 7 ஆண்டுகள்தான் வைத்திருக்கலாம். தானாக நடக்க வேண்டிய இந்த வேலைக்குக் குடும்பங்கள் மனுவோடு அலைய வேண்டியிருக்கிறதே, அதுதான் எனக்கு ஆத்திரம். தரகர்கள் பிழைப்பதே இந்த மெத்தனத்தால்தான்.

16 வயதைத் தாண்டியவர்களுக்கு இதெல்லாம் கிடையாது என்று உங்களை யாராவது பயமுறுத்தலாம். விதிவிலக்கு ஒன்று இருப்பது உண்மை. ஆனால் அதற்கு வயது மட்டும் போதாது. குறைந்தபட்சத் தண்டனையே 7 ஆண்டுகளோ அதற்கு மேலோ உள்ள கொடுங்குற்றமாக இருக்க வேண்டும். குழுமம் ஆராய்ந்து வழக்கைச் சிறார் நீதிமன்றத்துக்கு அனுப்பியிருக்க வேண்டும். அந்த நீதிமன்றமும் பெரியவரைப் போல விசாரிக்கலாம் என்று முடிவெடுத்து, குற்றவாளி என்று தீர்ப்பளித்திருக்க வேண்டும். இத்தனையும் சேர்ந்தால்தான் விதிவிலக்கு. உங்கள் மகன் வழக்கைக் குழுமமே முடித்துவிட்டது, அதனால் இது அவரைத் தொடாது.

சரி, இப்போது செய்ய வேண்டியது: உத்தரவு போட்ட அதே குழுமத்தில் அதன் சான்றிட்ட நகல் வாங்குங்கள். 24-வது பிரிவைக் குறிப்பிட்டு, பதிவை அழிக்க உத்தரவு கேட்டு மகன் பெயரில் மனு கொடுங்கள். உத்தரவு வந்ததும் காவல் நிலையத்திலும் மாவட்டக் காவல் கண்காணிப்பாளர் அலுவலகத்திலும் நகல் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்து வாங்குங்கள். அப்புறம், வேலைக்கான படிவத்தில் வழக்கு பற்றிக் கேட்டிருந்தால் ஊகத்தில் 'இல்லை' என்று எழுத வேண்டாம். மறைத்ததையே காரணம் காட்டி வேலையை ரத்து செய்யப் பார்ப்பார்கள். கேள்வியை அப்படியே வழக்கறிஞரிடம் காட்டிவிட்டு எழுதட்டும். வழக்கறிஞர் கிடைக்காவிட்டால் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகுங்கள், சட்ட உதவிக்கான இலவச எண் 15100.