ஈஃபில் கோபுரமும் லூவரும் பார்த்தாயிற்று, பாரிஸில் அடுத்து எங்கே போகலாம்?

ஈஃபில் கோபுரம், லூவர், மோன்மார்த்ர் எல்லாம் போன பயணத்திலேயே பார்த்துவிட்டோம், இந்த முறை மூன்று நாள் கையில் இருக்கிறது, கூட்டம் இல்லாத நல்ல இடங்களாகச் சொல்லுங்கள் என்று கேட்டிருக்கிறீர்கள். பாரிஸை ஒட்டிய புறநகரில் பல வருடமாகக் குடியிருக்கிறேன். ஊரிலிருந்து வரும் சொந்தக்காரர்களை ஊர் சுற்றக் கூட்டிக்கொண்டு போவது எங்கள் வீட்டில் என் பொறுப்பு. அந்த அனுபவத்தில் சொல்கிறேன்.

முதலில் எங்கே போக வேண்டாம் என்பதைச் சொல்லிவிடுகிறேன். "யாருக்கும் தெரியாத பாரிஸ்" என்று சுற்றும் வீடியோக்களில் ரூ கிரெமியூ என்ற வண்ண வண்ண வீடுகள் கொண்ட தெரு தவறாமல் வரும். அது மனிதர்கள் குடியிருக்கும் சின்னத் தெரு. வாசற்படியில் உட்கார்ந்து போட்டோ எடுப்பவர்களின் தொல்லை தாங்காமல், 2019-இல் அங்கிருப்பவர்கள் தெருவுக்குக் கதவு போடச் சொல்லி நகராட்சியிடம் கேட்டார்கள். அவர்களை நிம்மதியாக விட்டுவிடலாம்.

என் வழி வேறு. ராஜாக்கள் காட்டுவதற்காகக் கட்டிய இடங்களை நீங்கள் பார்த்துவிட்டீர்கள். இனி இந்த நகரம் வேலை செய்த இடங்களுக்குப் போங்கள். கல் வெட்டிய இடம், தண்ணீர் எடுத்த இடம், ரயில் ஓடிய இடம். அங்கேதான் கூட்டம் இல்லை, பெரும்பாலும் டிக்கெட்டும் இல்லை.

ஐந்தாம் வட்டாரத்திலிருந்து ஆரம்பியுங்கள். ரூ மோன்ஜ் என்ற சாதாரணக் கடைத்தெருவில் 49-ஆம் எண் கட்டிடத்துக்குக் கீழே ஒரு நடைவழி இருக்கும். அதற்குள் நுழைந்தால் மறுபக்கம் ரோமானியர்கள் கட்டிய வட்ட அரங்கம். பெயர் ஆரேன் த லுட்டேஸ். லுட்டேசியா என்பது ரோமானியர் காலத்தில் பாரிஸின் பெயர். கி.பி. முதல் நூற்றாண்டில் கட்டப்பட்டது, சுமார் 15,000 பேர் உட்காரும் அளவு. பிறகு மண் மூடி மறந்தே போனது. 1869-இல் இந்தத் தெருவைப் போடும்போது மறுபடி வெளியே வந்தது. அதன் மேலேயே குதிரை வண்டிக் கம்பெனி ஒன்று பணிமனை கட்டப் பார்த்தது. 1883-இல் எழுத்தாளர் விக்டர் ஹியூகோ நகராட்சிக்குக் கடிதம் எழுதினார், பலரும் சேர்ந்து குரல் கொடுத்தார்கள், அரங்கம் பிழைத்தது. இன்று பார்க்கும் படிக்கட்டுகளில் நிறைய பிற்காலத்தில் திருத்திக் கட்டியவை, அதையும் தெரிந்துகொண்டே போங்கள். ஆனாலும் அந்த மணல் தரையில் தாத்தாக்கள் இரும்புப் பந்தை உருட்டி பெத்தான்க் ஆடுவதையும், பள்ளி விட்ட பையன்கள் பந்து உதைப்பதையும் படியில் உட்கார்ந்து பார்க்கும் சுகம் தனி. அங்கிருந்து பத்து நிமிட நடையில் பெரிய மசூதி. முதல் உலகப்போரில் பிரான்சுக்காக உயிர்விட்ட முஸ்லிம் சிப்பாய்களுக்கு நன்றியாகக் கட்டி, 1926-இல் திறந்தார்கள். அதை ஒட்டிய தேநீர்க்கடையில் சின்னக் கண்ணாடி டம்ளரில் புதினா டீ கிடைக்கும். இனிப்பு தூக்கலாக இருக்கும், நம் நாக்குக்கு ஒத்துப்போகும்.

அப்புறம் லுக்சம்பூர்க் பூங்காவுக்கு எதிரே, ரூ த வோஜிரார் 36-ஆம் எண். இதற்காக மட்டும் யாரும் போக மாட்டார்கள், ஆனால் நான் எல்லோரையும் அழைத்துப் போகிறேன். வளைவுக் கூரைக்குக் கீழே, சுவரில் ஒரு பளிங்குப் பலகை. அதில் ஒரு மீட்டர் நீளம் கோடு கோடாகப் பிரித்துச் செதுக்கியிருக்கும், அவ்வளவுதான். பிரெஞ்சுப் புரட்சிக்கு முன்பு ஊருக்கு ஊர் வேறு முழம், வேறு படி. அளக்கிறவன் வைத்ததுதான் சட்டம். புரட்சி அரசாங்கம் மீட்டரைக் கொண்டுவந்ததும், ஜனங்கள் தாங்களே வந்து சரிபார்த்துக்கொள்ளட்டும் என்று 1796-97 வாக்கில் நகரத்தில் பதினாறு இடங்களில் இப்படிப் பலகை பதித்தார்கள். மிச்சம் இருப்பவை இரண்டு, அவற்றில் வைத்த இடத்திலேயே இருப்பது இது ஒன்றுதான்.

என் மாமா சர்வேயராக இருந்து ஓய்வு பெற்றவர். லூவரில் கால் வலிக்கிறது என்று பாதியில் உட்கார்ந்துவிட்டவர், இந்தப் பலகை முன்னால் குனிந்து கோடு கோடாக விரல் வைத்துப் பார்த்தார். "மாப்பிள்ளை, ஆயுசு பூரா இதை வச்சுத்தானே சோறு சாப்பிட்டேன். ஒருத்தனும் இதைப் பத்தி எனக்குச் சொல்லலையே" என்றார். "அதான் மாமா உங்களைக் கூட்டிட்டு வந்தேன்" என்றேன். தெருவில் போன ஒரு பிரெஞ்சுக்காரம்மா அவர் குனிந்து பார்ப்பதைப் பார்த்துத் தானும் நின்று பார்த்துவிட்டுப் போனார்.

இனி கல் சமாச்சாரம். பாரிஸைப் புரிந்துகொள்ள இதுதான் சாவி என்பது என் உறுதியான எண்ணம். இந்த நகரம் தனக்கு வேண்டிய கல்லைத் தன் காலுக்குக் கீழேயே தோண்டி எடுத்தது. தெற்கே சுண்ணாம்புக்கல், வடக்கிலும் வடகிழக்கிலும் உள்ள குன்றுகளில் ஜிப்சம். நம் ஊர் ஆஸ்பத்திரியில் மாவுக்கட்டு போடும் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸுக்கு அந்தப் பெயர் வந்தது இந்த ஜிப்சத்தால்தான். நூற்றாண்டுக் கணக்கில் தோண்டினால் என்ன ஆகும்? 1774-இல் தெற்குப் பகுதியில் ஒரு சாலையே உள்ளே போய்விட்டது. 1777-இல் சுரங்கங்களைக் கண்காணிக்க என்றே பதினாறாம் லூயி ஓர் அலுவலகம் அமைத்தார், அது இன்றைக்கும் இயங்குகிறது. எல்லோரும் வரிசையில் நிற்கும் கேட்டகோம்ப், அதாவது எலும்புகள் அடுக்கிய சுரங்கம், அப்படித் தோண்டிவிட்ட பழைய கல்சுரங்கம்தான். அந்த வரிசையில் நிற்க வேண்டாம். அதே கதையை வெயிலில், புல்வெளியில் பார்க்கலாம். பூட் ஷோமோன் பூங்காவுக்குப் போங்கள்.

பத்தொன்பதாம் வட்டாரம், மெட்ரோவில் 7பிஸ் என்ற தடம், போட்சாரிஸ் அல்லது பூட் ஷோமோன் நிறுத்தம். ஒரு காலத்தில் ஜிப்சம் வெட்டிய பள்ளம், பிறகு குப்பை கொட்டும் இடம், செத்த குதிரைகளை அறுக்கும் இடம். நாற்றத்துக்குப் பேர்போனது. மூன்றாம் நெப்போலியன் காலத்தில் அல்ஃபான் என்ற பொறியாளரின் பொறுப்பில் அதையே பூங்காவாக்கி, 1867 ஏப்ரல் 1-ஆம் தேதி திறந்தார்கள். பள்ளத்தை மூடித் தட்டையாக்காமல், வெட்டி மிஞ்சிய பாறையை அப்படியே நிறுத்தி, சுற்றிலும் ஏரி வெட்டி, உச்சியில் சின்னதாக ஒரு கோயில் மண்டபம் வைத்தார்கள். தொங்கு பாலத்தில் நடந்து அந்தப் பாறைத் தீவுக்குப் போகலாம், ஆள் நடக்க நடக்க லேசாக ஆடும். சுரங்கத்தில் விட்டுப்போன குகை ஒன்றுக்குள் செயற்கை அருவி விழுகிறது. மேலே மண்டபத்தில் நின்றால் தூரத்தில் மோன்மார்த்ர் குன்றும் வெள்ளை சாக்ரே-கேர் தேவாலயமும் தெரியும். சனி, ஞாயிறு மாலைகளில் குடும்பம் குடும்பமாகப் புல்லில் சாய்ந்திருப்பார்கள். எல்லாம் உள்ளூர் ஜனம். புளியோதரை கட்டிக்கொண்டு போனீர்கள் என்றால் அரை நாள் போவதே தெரியாது.

பூங்காவின் கிழக்குப் பக்கம் வெளியே வந்தால் மூஸாயா. இங்கே பாரிஸ் திடீரென்று கிராமமாகிவிடும். கார் நுழையாத சந்துகள், ஒன்றிரண்டு மாடி வீடுகள், வாசலில் ரோஜாவும் திராட்சைக் கொடியும். பாரிஸ் மாதிரி இடநெருக்கடியான நகரத்தில் இவ்வளவு சின்ன வீடுகளை ஏன் விட்டுவைத்தார்கள்? கீழே தோண்டிவிட்ட மண், ஆறு மாடிக் கட்டிடத்தின் பாரத்தைத் தாங்காது. அதனால் உயரமாகக் கட்ட முடியவில்லை. பக்கத்து மெட்ரோ நிலையமான தன்யூபைக் கட்டும்போது பழைய சுரங்கத்தைத் தாண்டி ஆழமாகத் தூண் இறக்க வேண்டியிருந்தது. இங்கேயும் மனிதர்கள் குடியிருக்கிறார்கள் என்பதை மறக்க வேண்டாம். மெதுவாகப் பேசிக்கொண்டு நடந்தால் போதும்.

தண்ணீருக்கு வருவோம். தெருமுனைகளில் கரும்பச்சை நிறத்தில், நான்கு பெண் சிலைகள் கூரையைத் தாங்கி நிற்கும் இரும்புக் குடிநீர் ஊற்றுகளைப் போன தடவை பார்த்திருப்பீர்கள். ரிச்சர்ட் வாலஸ் என்ற ஆங்கிலேயப் பணக்காரர் தன் செலவில் 1872 முதல் வைத்தவை. அதற்கு முந்தைய ஆண்டுகளில் பிரஷ்யப் படை முற்றுகை, பிறகு பாரிஸ் மக்கள் அரசை எதிர்த்து எழுந்த கம்யூன் கலவரம். நகரத்தில் தண்ணீருக்குத் திண்டாட்டம், ஏழைகளுக்குத் தண்ணீரைவிட மதுவே மலிவு என்ற நிலை. சித்திரை வெயிலில் நம் தெருக்களில் வைக்கும் தண்ணீர்ப் பந்தலை இரும்பில் வார்த்து நிரந்தரமாக்கியதுபோல என்று வைத்துக்கொள்ளுங்கள். முன்பு சங்கிலியில் டம்ளர் தொங்கும், சுகாதாரம் கருதி 1952-இல் எடுத்துவிட்டார்கள். தண்ணீர் இன்றும் குடிக்கலாம், பாட்டிலை நிரப்பிக்கொள்ளுங்கள். குளிர்காலத்தில் குழாய் உறைந்துவிடும் என்று நிறுத்திவிடுவார்கள்.

இதில் ஆர்வம் இருந்தால் பதின்மூன்றாம் வட்டாரத்தில் பூட் ஓ காய் என்ற சின்னக் குன்றுப் பகுதிக்குப் போங்கள். அங்கே போல் வெர்லேன் சதுக்கத்தில் கிட்டத்தட்ட 600 மீட்டர் ஆழத்திலிருந்து வரும் ஊற்றுத்தண்ணீர்க் குழாய் இருக்கிறது, அக்கம்பக்கத்துக்காரர்கள் கேன் கொண்டுவந்து பிடித்துப் போவார்கள். எதிரே செங்கல் கட்டிடத்தில் 1924-இல் திறந்த நீச்சல்குளம். மனிதர்களை ஏற்றிக்கொண்டு முதன்முதலாகக் கயிறு இல்லாமல் பறந்த மோன்கோல்ஃபியே வெப்பக்காற்று பலூன், 1783 நவம்பர் 21 அன்று வந்து இறங்கியதும் இந்தக் குன்றில்தான்.

ரயில் ஓடிய இடம் என்றால் கூலே வெர்த். பஸ்தி சதுக்கத்திலிருந்து கிளம்பிய ரயில்பாதை 1859-இல் திறந்து 1969-இல் நின்றுபோனது. அந்த மேம்பாலத்தின் மேலேயே செடி கொடி வளர்த்து 1993-இல் நடைபாதையாக்கினார்கள். சுமார் நாலரை கிலோமீட்டர். நியூயார்க்கில் பழைய ரயில் மேம்பாலத்தின் மேல் அமைத்த பெயர்பெற்ற ஹை லைன் பூங்காவுக்கு முன்மாதிரி இதுதான். மூன்றாவது மாடி உயரத்தில், மூங்கிலுக்கும் ரோஜாவுக்கும் நடுவே நடந்து போகிறோம். கீழே வளைவுகளுக்குள் மரவேலை, வயலின் செய்கிறவர்கள் எனக் கைவினைப் பட்டறைகள். வழியில் ஒரு காவல் நிலையக் கட்டிடத்தின் மேல்மாடிச் சுவரில் மைக்கேலாஞ்சலோவின் சாகும் அடிமைச் சிலையைப் பெரிதாக்கி வரிசையாக நிறுத்தியிருப்பார்கள். மூலச்சிலையை லூவரில் பார்த்திருப்பீர்கள். தெருவில் போனால் அண்ணாந்து பார்க்க வேண்டும், இங்கிருந்து பார்த்தால் கிட்டத்தட்ட எதிரிலேயே இருக்கிறது.

அங்கிருந்து நாசியோன் பக்கம் நடந்தால் ரூ த பிக்புஸ். அங்கே ஒரு சிறிய கல்லறைத் தோட்டம் உண்டு. 1794 ஜூன், ஜூலையில் ஆறு வாரத்தில் இந்தப் பக்கத்துச் சதுக்கத்தில் கில்லட்டினில் தலை வெட்டப்பட்ட 1,306 பேரை இரண்டு பெரிய குழிகளில் போட்டு மூடிய இடம். பிறகு அவர்களின் உறவினர்கள் நிலத்தை வாங்கினார்கள். இன்றும் அந்தக் குடும்பங்களின் வாரிசுகளுக்கு மட்டும்தான் இங்கே இடம். அமெரிக்க விடுதலைப் போரில் சண்டையிட்ட லஃபாயெத் இங்கேதான் இருக்கிறார், கல்லறையின் மேல் அமெரிக்கக் கொடி பறக்கும். அவர் மனைவியின் தாயும் பாட்டியும் அக்காவும் அந்தக் குழியில் போனவர்கள். ஆனால் என்னை உலுக்கியது தேவாலயச் சுவர்தான். 1,306 பெயர்களையும் வயதோடும் தொழிலோடும் எழுதியிருக்கிறார்கள். புரட்சி என்றால் பிரபுக்களின் தலை மட்டும் உருண்டது என்று நினைத்திருப்போம். அங்கே வேலைக்காரர்கள், கடைக்காரர்கள், கன்னியாஸ்திரீகள் எனச் சாதாரண ஜனங்களின் பெயர்கள் நிறைய. நேரம் எடுத்து வாசியுங்கள். மதியத்துக்கு மேல்தான் திறப்பார்கள், ஞாயிறு கிடையாது, சிறு கட்டணம் உண்டு. போகுமுன் நேரத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

மழை பெய்தால் பஸாஜ் தே பனோராமா, பஸாஜ் ஜூஃப்ருவா என்று கண்ணாடிக் கூரை போட்ட பழைய கடைவீதிகளில் ஒதுங்கலாம். அல்லது மாரே பகுதியில் பாரிஸ் நகர வரலாற்றைச் சொல்லும் கார்னவாலே அருங்காட்சியகம், நிரந்தரக் காட்சிக்கு இலவசம்.

சாப்பாட்டுக்கு லா ஷப்பேல். 1980-களில் இலங்கையில் உயிர் தப்பி வந்த தமிழர்கள் எழுப்பிய கடைத்தெரு. காய்கறிக் கடையிலிருந்து நகைக்கடை வரை தமிழ்ப் பெயர்ப்பலகைகள், கொத்து ரொட்டி தட்டும் சத்தம் தெருவரை வரும். ஆகஸ்ட் கடைசியிலோ செப்டம்பர் தொடக்கத்திலோ வந்தால் மாணிக்க விநாயகர் ஆலயத் தேரைப் பாருங்கள். தேங்காய் உடைத்துத் தெருவே வெள்ளையாகிவிடும், பிரெஞ்சுக்காரர்களும் குழந்தையைத் தோளில் வைத்துக்கொண்டு நிற்பார்கள்.

மூன்று நாளை இப்படிப் பிரிக்கலாம்: முதல் நாள் வட்ட அரங்கம், மசூதி, மீட்டர் பலகை, தெம்பு இருந்தால் பூட் ஓ காய். இரண்டாம் நாள் காலையில் பூட் ஷோமோன், மூஸாயா, பசித்ததும் லா ஷப்பேல். மூன்றாம் நாள் பஸ்தியிலிருந்து கூலே வெர்த், மதியத்துக்கு மேல் பிக்புஸ். நடக்கத் தோதான செருப்பு முக்கியம். பெரியவர்கள் கூட வந்தால் பூட் ஷோமோனில் ஏற்றம் அதிகம், பாறை உச்சிக்கு ஏறாமல் ஏரிக்கரையோடு நிறுத்திக்கொள்ளுங்கள். தெருவோரம் இருக்கும் தானியங்கிக் கழிப்பறைகளுக்குக் காசு கிடையாது. எந்த மாதம் வருகிறீர்கள், யார் யார் வருகிறீர்கள் என்று கீழே சொன்னால் அதற்கேற்ப மாற்றிச் சொல்கிறேன்.